மெட்டும் கணக்கும்

எங்கள் தட்டாஞ்சாவடிக்குச் சற்றுத் தொலைவில், புதுவைக் கடற்கரையை ஒட்டியுள்ளது பிரெஞ்சு ஆய்வு நிறுவனம். புராணங்களில் காணப்படும் இசையிலக்கணப் பகுதிகளை அந்நிறுவனம் 1959 இல் நூலாக்கியது. பதிப்பித்தவர்கள் அலேன் தனியேலுவும் என்.ஆர். பட்டும் ஆவர். பிறர் இங்ஙனம் தேடி எடுக்கும் இசைநூல்களை நாம் எந்த அளவுகோலால் மதிப்பிடுவது?

அரபு இலக்கணமாகிய நஹ்வு பயில்வோர் அறிந்த சொற்கள் இரண்டு. 'சமாஉ' என்பது மக்கள் வாயிலாகக் கேட்டறிந்தது. 'கியாஸ்' என்பது விதியோடு ஒப்பிட்டுத் துணிந்தது. இசைநூல்களையும் இவ்வுரைகல்லில் உரைத்துப் பார்க்கலாம்.

அபூநஸ்ர் அல்ஃபாராபி (இறப்பு: ஹிஜ்ரி 339, கி.பி. 950) இயற்றியது 'கிதாபுல் மூஸீகல் கபீர்'. கிரேக்க அறிவைப் போற்றியவராயினும், விண்கோள்கள் இசை எழுப்புகின்றன என்ற பித்தாகரஸ் வழியினரின் கூற்றை அவர் பொய்யெனத் தள்ளினார். பக்தாதிலும் குராசானிலும் வழங்கிய தம்பூர்களின் மெட்டுகளை விரித்தெழுதினார். 'ஊத்' என்னும் நரம்புக் கருவியில், பக்தாதின் வாத்தியக் கலைஞர் ஸல்ஸலின் பெயரால் வழங்கிய மெட்டொன்று உண்டு. பித்தாகரஸ் வழிக் கணக்கில் அதற்கு இடமில்லை. ஃபாராபியின் நூலிலோ இடம் உண்டு. ஒரு கலைஞனின் விரல் கண்டறிந்ததை அறிஞர் ஒருவர் பெயர் சுட்டி ஏற்றுக்கொண்டது சமாஇன் சிறப்பாகும்.

தென்னகத்தில், விசயநகரத்து இராமாமாத்தியர் 1550 இல் 'சுவரமேளகலாநிதி'யை எழுதினார். வீணையில் மெட்டு அமைக்கும் முறையை விளக்கி 20 மேளங்களை வகுத்தார். அடுத்த நூற்றாண்டில், தஞ்சை விசயராகவ நாயக்கர் காலத்தில் 'சதுர்தண்டி பிரகாசிகை' இயற்றிய வேங்கடமகி அவரைக் கடுமையாகச் சாடினார். தாம் கணக்கின் வழியே சென்றார். ரிகரங்களும் காந்தாரங்களும் இணையும் வகை 6, தைவத நிஷாதங்கள் இணையும் வகை 6, மத்திமம் 2. ஆக 72 மேளங்கள். அவற்றுள் தம் காலத்தில் வழங்கியவை 19 மட்டுமே என்பதையும் அவரே சொல்கிறார்.

இது கியாஸின் மிகை என்றே நெடுநாள் எண்ணியிருந்தேன். அவ்வெண்ணத்தைத் திருத்திக்கொள்ள நேர்ந்தது. கோடீசுவர ஐயர் 72 மேளங்களிலும் தமிழ்க் கீர்த்தனைகள் பாடி வைத்தார். வெறுங்கணக்கென நான் நினைத்த கட்டங்களில் பின்னாளில் தமிழ் குடிபுகுந்துவிட்டது. எனினும் வேங்கடமகியின் சுடுசொற்களை என்னால் பாராட்ட இயலவில்லை. கருத்து வேறுபாட்டிற்கும் ஓர் அதபு உண்டன்றோ? அவர் நூலின் பெருமை அந்த 19 என்ற ஒப்புதலில் இருக்கிறது. கேட்டது எது, கணித்தது எது என்று அவர் பிரித்துக் காட்டிவிட்டார்.

இசை கேட்பது பற்றிய மார்க்கத் தீர்ப்பை உலமாக்கள் பேசியுள்ளனர். அதை நான் இங்கே எடுக்கவில்லை. அத்தர்க்கத்தின் பெயரால் ஃபாராபியின் பெருநூலையே நம் பிள்ளைகள் அறியாதிருப்பது முறையன்று. நாம் ஃபாராபியைத் தத்துவ ஞானி என்று மட்டும் சொல்லிக் கொடுக்கிறோம். ஸல்ஸலின் மெட்டைத் தம் நூலில் ஏற்றுக்கொண்டவர் என்பதையும் சேர்த்துச் சொல்லுவோம்.