மூடுபனியில் மறைந்த முகங்கள்

மார்கழி விடியலில் செம்பரம்பாக்கம் ஏரிக்கரை முழுவதும் பனி மூடிக் கிடக்கும்போது, ஒரகடத்திலிருந்தும் இருங்காட்டுக்கோட்டையிலிருந்தும் இரவுப்பணி முடித்துத் திரும்பும் பேருந்துகளின் விளக்குகளே முதலில் கண்ணில் படும். அவற்றிலிருந்து இறங்கும் இளம்பெண்கள் தென்மாவட்டங்களிலிருந்து பிழைப்புக்கு வந்தவர்கள். ஐந்தாறு பேர் சேர்ந்து ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்துக்கொண்டு எங்கள் தெருவிலும் வாழ்கிறார்கள். ஒரு ஞாயிறு மாலை, அவர்களுள் சிலர் எங்கள் வீட்டில் அமர்ந்து தொலைக்காட்சியில் ‘மூடுபனி’ திரைப்படத்தைப் பார்த்தார்கள். படம் முடிந்தபின் ஒரு பெண் என்னிடம் கேட்டாள்: “செத்துப்போன அந்தப் பொண்ணுங்க பேரு என்ன சார்?” எனக்குச் சொல்லத் தெரியவில்லை. கொலைகாரனின் பெயர் சந்துரு என்பது மட்டும் எங்கள் எல்லாருக்கும் நினைவில் இருந்தது.

அந்தக் கேள்வியே இக்கட்டுரைக்குக் காரணம்.

‘மூடுபனி’ 1980 நவம்பரில் வெளிவந்தது. எழுத்தாளர் ராஜேந்திரகுமாரின் ‘இதுவும் ஒரு விடுதலைதான்’ என்னும் நாவலைத் தழுவியது. ஒளிப்பதிவையும் இயக்கத்தையும் பாலு மகேந்திராவே மேற்கொண்டார். மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்து, அங்குள்ள புனித மிக்கேல் கல்லூரியில் பயின்று, பின்னர் புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு கற்றவர் அவர். கன்னடத்தில் ‘கோகிலா’ (1977), தமிழில் ‘அழியாத கோலங்கள்’ (1979) ஆகியவற்றுக்குப் பின் அவர் இயக்கிய மூன்றாவது படம் இது. இளையராஜாவுக்கோ இது நூறாவது படம். இருவரும் இணைந்தது இதுவே முதன்முறை. பிற்காலத்தில் வெள்ளிவிழா நாயகனாகப் புகழ்பெற்ற மோகன் தமிழில் அறிமுகமானதும் இப்படத்தில்தான்.

கதை சிக்கலானதன்று. சிறுவயதில் தாய் பட்ட துன்பத்தையும் தந்தையின் ஒழுக்கக்கேட்டையும் கண்டு மனம் சிதைந்த சந்துரு, வளர்ந்தபின் பாலியல் தொழிலில் உள்ள பெண்களைக் கொல்கிறான். ரேகா என்னும் பெண்ணை மணந்தால் தன் நோய் தீரும் என்று நம்பி, அவளை உதகைக்குக் கடத்திச் செல்கிறான். முடிவை இங்கே கூறப்போவதில்லை; இன்னும் பார்க்காத வாசகர்கள் இருக்கக்கூடும்.

ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’வின் (1960) சாயலை இதில் காணாதவர் இலர். இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 1978இல், பாரதிராஜாவின் ‘சிகப்பு ரோஜாக்கள்’ வெளிவந்து, பெண்களைக் கொல்லும் ஒரு கனவானைத் தமிழருக்குக் காட்டியிருந்தது. ஆயினும் இரண்டும் ஒன்றல்ல. பாரதிராஜாவின் படம் பார்வையாளனைத் துரத்துகிறது. பாலு மகேந்திராவின் படம் அவனை ஓர் அறைக்குள் அமர்த்திக் கதவைச் சாத்துகிறது. எங்கள் ஊரருகே இன்று பெரிய படப்பிடிப்பு வளாகம் ஒன்று உண்டு. அரண்மனையானாலும் சேரியானாலும் அங்கே எழுப்பிவிடுகிறார்கள். பாலு மகேந்திரா இதற்கு நேர்மாறான வழியைத் தேர்ந்தவர். உண்மையான தெருக்கள், உண்மையான வீடுகள், சன்னல் வழியே வரும் வெளிச்சம் என்று அமைத்துக்கொண்டார். அதனால்தான் அச்சம் நம் வீட்டுக் கூடத்திலிருந்தே எழுவதுபோல் தோன்றுகிறது. கடத்தி வந்த பெண்ணின் முன் கிடாரை மீட்டிச் சந்துரு பாடும் பாடலை (கங்கை அமரன் எழுதி ஜேசுதாஸ் பாடியது) இன்றும் மக்கள் காதல் பாடலாகவே கேட்டு மகிழ்கிறார்கள். சிறைவைத்தவன் சிறைப்பட்டவளிடம் பாடுகிறான் என்பதைப் பலர் மறந்துவிட்டார்கள். இது இசையின் வெற்றியா, நம் மறதியின் அளவா என்று நான் பலமுறை எண்ணியதுண்டு.

படம் மக்களிடம் நல்ல வரவேற்பைப் பெற்றது. ஒளிப்பதிவையும் பிரதாப் போத்தனின் நடிப்பையும் பாராட்டாதவர்கள் குறைவு. முரட்டு வில்லன்களைப் பார்த்துப் பழகிய கண்களுக்கு, மெலிந்த உடலும் தயங்கும் பேச்சுமாக வந்த பிரதாப் புதியவராகத் தெரிந்தார். ஆனால் அந்த வரவேற்பின்மீது ஒரு துயரம் படிந்திருந்தது. ரேகாவாக நடித்த ஷோபா, ‘பசி’ படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது பெற்றவர். 1980 மே முதல் நாள், பதினேழு வயதில், அவர் மறைந்தார். படம் வெளியாக அப்போது ஆறு மாதங்கள் இருந்தன. அந்நாளைய பத்திரிகைகள் அவர் வாழ்வைத் துருவித் துருவி எழுதின. மலையாளத்தில் கே.ஜி. ஜார்ஜ் 1983இல் எடுத்த ஒரு படமும் அவரை நினைவூட்டுவதாகவே பரவலாகக் கருதப்பட்டது. ஆகவே அன்று அரங்கில் அமர்ந்தவர்கள் ரேகாவின் அச்சத்தை வெறும் நடிப்பாகக் காண இயலாமல் தவித்திருப்பார்கள். அந்தத் தவிப்பை இன்றைய பார்வையாளரும் ஓரளவு உணரலாம்.

இனி, அந்தப் பெண்ணின் கேள்விக்கு வருவோம். சந்துருவின் கொடுமையை விளக்க அவனுடைய குழந்தைப் பருவத்தைப் படம் நமக்குத் திறந்து காட்டுகிறது. நாம் இரங்குகிறோம். இரங்குவது தவறன்று, குற்றவாளிக்குள்ளும் அடிபட்ட ஒரு குழந்தை இருக்கக்கூடும் என்று உணர்த்தும் கலை நல்ல கலைதான். ஆனால் கொல்லப்பட்ட பெண்களுக்கும் ஒரு குழந்தைப் பருவம் இருந்திருக்குமே! அவர்கள் எந்த ஊரிலிருந்து, எந்த வறுமையால், யாருடைய வஞ்சகத்தால் அந்தத் தெருவுக்கு வந்தார்கள்? கேமரா அங்கே நிற்கவில்லை. தந்தையின் பாவத்துக்கு அவர்கள் தண்டனை பெறுகிறார்கள். தந்தையோ நினைவுக் காட்சிகளில் மட்டும் வந்துபோகிறான். கல்லெறிய வந்தவர்கள் நடுவே ஒரு பெண்ணை நிறுத்திய நற்செய்திக் காட்சியை அறிந்த நாம், இக்குறையைக் காணாமல் போகலாகாது. அங்கும் பெண் மட்டுமே இழுத்து வரப்பட்டாள். உடன் தவறிய ஆண் அங்கில்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மனநோயாளி என்றாலே கொலைகாரன் என்னும் எண்ணத்தை இவ்வகைப் படங்கள் ஊன்றிவிடுகின்றன. உண்மையில் மனநோயுற்றவர்களுள் மிகப் பெரும்பாலோர் யாரையும் தாக்குபவர்கள் அல்லர். பிறரால் துன்புறுத்தப்படுபவர்களே மிகுதி. நம் குடும்பங்களில் நோயை மறைத்துவைத்து, மருத்துவரிடம் செல்ல நாணுவதற்கு இத்தகைய அச்சமும் ஒரு காரணம்.

பாலு மகேந்திரா இக்குறையை உணர்ந்தாரா என்பதை நான் அறியேன். ஆனால் இரண்டு ஆண்டுகள் கழித்து, 1982இல், அவர் ‘மூன்றாம் பிறை’யை எடுத்தார். அதிலும் ஓர் ஆண் ஒரு பெண்ணை அதே நீலகிரி மலைக்கு, கேத்திக்கு, அழைத்துச் செல்கிறான். அவளை அவன் கண்டெடுத்த இடம் எது? விலைமாதர் இல்லம். இம்முறை மனம் சிதைந்திருப்பவள் பெண். ஆண் அவளைக் குழந்தைபோல் காக்கிறான். அதே மலை, அதே குளிர், அதே தனித்த வீடு. ஆனால் முன்பு கொலைக்குரியவளாகக் காட்டப்பட்ட இடத்திலிருந்தே காப்பாற்றத்தக்க ஒருத்தி வருகிறாள். இவ்விரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்களுக்கு, ஒரு கலைஞன் தன் முந்தைய படைப்புக்குத் தானே மறுமொழி கூறியதுபோல் தோன்றும். பிறகு ‘வீடு’ (1988) வந்தது. அதில் வேலைக்குப் போகும் ஒரு சாதாரணப் பெண்ணே கதையின் நடுவில் நிற்கிறாள். அவளுக்குப் பெயர் உண்டு. சம்பளக் கணக்கும் கடன் கணக்கும்கூட உண்டு.

‘மூடுபனி’யைப் பார்க்க வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். தமிழ்த் திரையில் ஒளியும் அமைதியும் எவ்வளவு பேச முடியும் என்பதைக் காட்டிய படங்களுள் அது ஒன்று. ஆனால் பார்க்கும்போது, இரவுப்பணி முடித்துத் தனியே நடக்கும் பெண்களைத் தங்கைகளாகவும் மகள்களாகவும் உடைய நாம், அவர்களுடைய இடத்தில் அமர்ந்து பார்க்கப் பழக வேண்டும்.

மறுவாரம் அந்தப் பெண்ணைப் பேருந்து நிறுத்தத்தில் கண்டேன். பெயர் கண்டுபிடித்தேனா என்று கேட்டாள். இல்லை என்றேன். “பரவாயில்ல சார். என் பேராவது உங்களுக்குத் தெரியுமா?” என்று சிரித்தாள். ஓராண்டாக அதே தெருவில் வாழ்கிறோம். அன்றுதான் கேட்டுத் தெரிந்துகொண்டேன்.