கடற்கோளும் பிரசங்க பீடமும்

சென்னைக்குத் தெற்கே கொட்டிவாக்கத்துக்கும் நீலாங்கரைக்கும் நடுவே, கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டி அமைந்திருப்பது பாலவாக்கம். சாலைக்குக் கிழக்கே மீனவர் குப்பமும் மணலும் படகுகளும் உள்ளன. அதே சாலையில் தெற்கே சென்றால் ஈஞ்சம்பாக்கத்து வி.ஜி.பி. கேளிக்கைப் பூங்கா, அதற்கும் அப்பால் முட்டுக்காட்டுப் படகுத்துறை. ஈஞ்சம்பாக்கத்தில் பல ஆண்டுகள் இயங்கிய திறந்தவெளித் திரையரங்குக்குப் ‘பிரார்த்தனா’ என்று பெயர் என்பது, உலக இன்பங்களைக் கண்டிக்கும் பிரசங்கிமாருக்குக் கைகொடுத்திருக்க வேண்டிய ஒரு முரண். ஞாயிறு மாலைகளில் நகரம் தன் களிப்பைத் தேடி இவ்வழியே செல்கிறது. அதே மணலில் வலை உலர்கிறது. துன்பத்தையும் கேளிக்கையையும் ஒரே மூச்சில் பேசும் பிரசங்கங்களைத் திறனாய இக்கரையைவிடப் பொருத்தமான இடம் இல்லை எனலாம்.

2004 டிசம்பர் 26 ஒரு ஞாயிற்றுக்கிழமை. நம் நேரப்படி காலை ஆறரை மணியளவில் சுமத்ராவுக்கு அப்பால் கடலடித்தளம் பிளந்தது. இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேலானபின் பேரலை நம் கரையை அடைந்தது. தமிழ்நாட்டில் மாண்டோர் ஏறத்தாழ 8,000 பேர். அவர்களுள் 6,000 பேருக்கு மேல் நாகப்பட்டினம் மாவட்டத்தில் இறந்தவர்கள். சென்னையில் மெரினாவிலும் பட்டினப்பாக்கம், சீனிவாசபுரம் போன்ற குப்பங்களிலும் உயிர்கள் போயின. திருச்சபை நாட்காட்டியில் அது ஸ்தேவானின் நினைவுநாள். ஏரோதின் வாளுக்கு இரையான பெத்லகேம் குழந்தைகளை நினைவுகூரும் நாளுக்கு இரண்டு நாள்களே இருந்தன. நாட்காட்டியே பிரசங்கியின் கையில் ஒரு பொருளை வைத்திருந்தது. அதை எடுத்தவர் சிலரே.

பெரும்பாலோர் எடுத்தது வேறொன்று. அப்பிரசங்கத்தின் அமைப்பை நம் வாசகர் அறிவர். அதன்பின் ஒவ்வோர் ஆண்டு நிறைவிலும், 2015 டிசம்பர் வெள்ளத்தின்போதும், கொள்ளைநோய்க் காலத்திலும் அது சிறு மாற்றங்களுடன் மீண்டும் ஒலித்தது. முதலில் அழிவின் காட்சி விரிவாக வரையப்படும். அடுத்துச் சினிமா, கிரிக்கெட், கடற்கரை உல்லாசம், கிறிஸ்துமஸ் காலக் கொண்டாட்டம், ஆலயத்துக்கு வராத ஞாயிறு என்று பாவப்பட்டியல் வரும். பின்னர்க் கடலும் கர்த்தருடைய சொல்லுக்குக் கீழ்ப்படிகிறது என்ற மெய்யான கூற்று வரும். இம்மூன்றுக்கும் இடையே ‘ஆகையால்’ என்ற ஒரு சொல் நுழைக்கப்படும். அந்த ஒரு சொல்லைப் பற்றியதே நம் கட்டுரை.

கேளிக்கையைக் கண்டிப்பதில் புதுமை எதுவும் இல்லை. தெர்த்துல்லியன் கார்த்தேஜில் காட்சிகளுக்கு எதிராகத் தனி நூலே எழுதினார். கிறிசோஸ்தோம் 399-இல் கான்ஸ்தாந்திநோபிளில், ஆலயத்தை விட்டுக் குதிரைப் பந்தயத்துக்கு ஓடிய மக்களை வாட்டி எடுத்தார். அக்கண்டனத்தில் நியாயமும் இருந்தது. அக்காலக் களரிகளில் மனிதர் இரத்தமும் ஒரு வேடிக்கைப் பொருளாய் இருந்தது. நாம் இங்கே ஆட்சேபிப்பது கண்டனத்தை அன்று. கண்டனத்துக்குப் பிணங்களைச் சான்றாக அழைப்பதையே.

இதற்கு வேதாகமத்தில் ஒரு முன்மாதிரி உண்டு. யோபுவின் குமாரரும் குமாரத்திகளும் எப்படி இறந்தார்கள்? மூத்த சகோதரன் வீட்டில் விருந்துண்டு திராட்சரசம் குடித்துக்கொண்டிருக்கையில், வனாந்தரத்திலிருந்து எழுந்த பெருங்காற்று வீட்டின் நான்கு மூலைகளையும் மோத, இடிபாட்டில் மாண்டார்கள். கேளிக்கையும் இயற்கைப் பேரழிவும் இவ்வளவு நெருக்கமாய் ஒன்றையொன்று தொடும் பகுதி வேதத்தில் அரிது. அவர்கள் பாவம் செய்திருக்கக்கூடும் என்று தகப்பனே அஞ்சி, ஒவ்வொரு விருந்துச் சுற்றுக்குப் பின்னும் பலி செலுத்தி வந்தான் என்றும் நூல் நமக்குச் சொல்லிவைக்கிறது. ‘ஆகையால்’ என்று எழுத எல்லாம் ஆயத்தமாயிருந்தும், நூலாசிரியர் எழுதவில்லை. அந்த விருந்துக்கும் அந்தக் காற்றுக்கும் அவர் முடிச்சுப் போடவில்லை. முடிச்சுப் போடுகிறவன் பில்தாத். உன் பிள்ளைகள் பாவம் செய்தார்கள், அதற்கேற்ற பலனைப் பெற்றார்கள் என்ற பொருளில், பிள்ளைகளைப் புதைத்த தகப்பனின் முகத்துக்கு நேராக அவன் பேசுகிறான் (யோபு 8). நூலின் முடிவில் கர்த்தர் யார்மேல் கோபங்கொள்கிறார் என்பதை நாம் நினைவூட்டத் தேவையில்லை. நண்பர்கள் செய்தவற்றுள் தேறியது ஒன்றே: ஏழு நாள் தரையில் உட்கார்ந்து வாய்திறவாமல் இருந்தது. நம் கடற்கோள் பிரசங்கிகளுள் ஏழு நாள் பொறுத்தவர் எத்தனை பேர்?

லூக்கா 13-ஐ எடுத்தாளும் விதமும் ஆராயத்தக்கது. மனந்திரும்பாவிட்டால் நீங்களும் அழிவீர்கள் என்னும் எச்சரிப்பு உரக்க வாசிக்கப்படுகிறது. அதற்கு முன்னே நிற்கும் ‘இல்லை’ விழுங்கப்படுகிறது. வந்தவர்கள் சொன்னது பிலாத்து கொன்ற கலிலேயரைப் பற்றி மட்டுமே. சீலோவாம் கோபுரம் விழுந்து மடிந்த பதினெட்டுப் பேரைப் பேச்சில் கொண்டுவந்தவர் ஆண்டவர். மனிதன் செய்த கொடுமைக்கு மட்டுமல்ல, கல் சரிந்த விபத்துக்கும் அந்த ‘இல்லை’ பொருந்த வேண்டும் என்பதற்காகவே அதைச் சேர்த்தார் என்று கருதுகிறோம். மனந்திரும்புதல் உயிரோடு கேட்டுக்கொண்டிருப்போரிடம் கேட்கப்படுகிறது. இறந்தோர் அதற்குச் சாட்சிப் பொருளல்லர். நம் பிரசங்கமோ இதைத் தலைகீழாக்கி, இறந்தோரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றி, கேட்போரைத் தப்பியவர்கள் என்று ஆறுதல்படுத்தி வீட்டுக்கு அனுப்புகிறது.

இவ்வாதத்தைப் பொருள்களின் நிலையே மறுக்கிறது. அன்று காலை நம் கரையில் இறந்தோருள் மிகுதியானோர் உல்லாசத்துக்கு வந்தவரல்லர். கரையில் வாழ்ந்து கடலில் பிழைத்தவர்கள். வேளாங்கண்ணியில் மடிந்தோர் யாத்திரிகர். இலங்கையின் மாத்தறையில் ஆராதனை நடந்துகொண்டிருந்த ஆலயத்துக்குள்ளேயே அலை புகுந்தது. இதைச் சுட்டினால், அவர்கள் வழிபாட்டு முறை சரியில்லை என்று சொல்லும் புரொட்டஸ்டண்ட் நாவும் நம்மிடையே உண்டு. அதற்கு மறுமொழி கூறுவதே அச்சொல்லுக்கு மதிப்பளிப்பதாகும், விட்டுவிடுகிறோம்.

1755 நவம்பர் 1, சகல பரிசுத்தவான்களின் திருநாள். லிஸ்பன் நகர ஆலயங்கள் நிறைந்திருந்தபோது பூமி அதிர்ந்து, கூரைகள் வழிபட்டோர்மேல் விழுந்தன. மறு ஆண்டு மலக்ரிதா என்னும் இயேசு சபைத் துறவி வெளியிட்ட சிறுநூல், நாடகம், இசை, நடனம், எருதுச் சண்டை ஆகியவற்றையே காரணமாகக் காட்டியது. இயற்கைக் காரணம் பேசுவோரைச் சாடியது. குடில் கட்டிக் குடியேறுவதில் முனைந்தோரையும் கடிந்தது. இதனைக் கத்தோலிக்கக் குறையென்று தள்ளிவிட முடியாது. ஜான் உவெஸ்லியும் அதே நிலநடுக்கத்தைக் குறித்து எழுதுகையில் தேவகோபத்தையே முன்னிறுத்தினார்.

நம் மண்ணிலும் ஒரு சான்று உண்டு. 1934 ஜனவரி 15-இல் பீகாரில் நிலநடுக்கம். ஒன்பது நாள் கழித்து, அரிசனச் சுற்றுப்பயணத்தில் இருந்த காந்தியடிகள் திருநெல்வேலியில் பேசியபோது, அது தீண்டாமைப் பாவத்துக்குத் தேவதண்டனை என்றார். தீண்டாமையைவிடக் கொடிய பாவம் எதுவென்று நாம் கேட்கலாம். சினிமாவோடு ஒப்பிட்டால் அவர் தேர்ந்த பாவம் எவ்வளவோ கனமானது. இருந்தும் தாகூர் மறுத்தார். இதே முறையைக் கையாண்டு, காந்தியின் எதிரிகள் அவருடைய சீர்திருத்தத்தையே நிலநடுக்கத்துக்குக் காரணமாக்கலாமே என்பது அவர் எழுப்பிய தடைகளுள் ஒன்று. அம்மறுப்பைக் காந்தி தம் ‘அரிசன்’ இதழிலேயே வெளியிட்டார். நம் சபைப் பத்திரிகைகளில் இத்தகைய மறுப்புக்கு இடம் கிடைக்குமா என்பது வேறு கேள்வி.

அப்படியானால் துன்பத்துக்கும் கேளிக்கைக்கும் தொடர்பே இல்லையா? உண்டு, ஆனால் அது வேறு இடத்தில் இருக்கிறது. 410-இல் ரோமாபுரி சூறையாடப்பட்டபின் எழுதிய அகுஸ்தீனு, திரையரங்குகளுக்கு நண்பரல்லர். துன்பத்தில் கடவுளின் திருத்தும் கரம் உண்டென்பதையும் அவர் மறுக்கவில்லை. ஆயினும் அவர் வெட்கப்படுத்துவது மாண்டோரை அல்ல. தப்பி வந்து கார்த்தேஜில் இறங்கியும் நாள்தோறும் நாடக அரங்குக்கு ஓடியவர்களை. ஆமோசும் அவ்வாறே. தந்தக் கட்டில், தம்புருப் பாட்டு, கிண்ணம் நிறைந்த திராட்சரசம் என்று அடுக்கி வந்து, கடைசியில் அவர் வைக்கும் குற்றச்சாட்டு: யோசேப்புக்கு நேர்ந்த கேட்டைக் குறித்து இவர்கள் கவலைப்படவில்லை (ஆமோஸ் 6). உணர்வு மரத்துப்போகச் செய்யும் களிப்பே அங்கே பாவம். இந்த அளவுகோலை எடுத்தால் பாவப்பட்டியல் மாறிவிடும். சென்னைச் சிறுவன் மணலில் ஆடும் கிரிக்கெட் அதிலிருந்து விலகும். குப்பத்தின் இழப்பை ஒரு வாரம் தொலைக்காட்சியில் பார்த்துவிட்டு, மறுவாரம் மறந்த நம் வரவேற்பறை அதில் சேரும். சேரும் பெயர்களில் சில, முன்வரிசையில் அமர்ந்திருப்போருடையவை என்பதே இப்பிரசங்கம் அரிதாகக் கேட்கப்படுவதன் காரணம் போலும்.

இறையியற் கல்லூரியில் பயின்ற நம்மவருக்கும் ஒரு சொல். தேவகோபப் பிரசங்கத்தை நகைத்து ஒதுக்கிய நாம், அதன் இடத்தில் என்ன வைத்தோம்? நிலத்தட்டுகள் நகர்ந்ததைச் சொன்னோம். நிவாரணக் கணக்கை வாசித்தோம். இரண்டும் தேவையானவையே. ஆனால் பிள்ளையை இழந்த தாய் ஏன் என்று கேட்டபோது, அவளுக்கு ஏதேனும் ஒரு விடை கொடுத்தவர் பில்தாதின் வழிவந்தவரே. அந்த விடை பொய். ஆயினும் நாம் விட்ட வெற்றிடத்தில் அது குடியேறிற்று.

தமிழ் இலக்கணம் கடற்கரையாகிய நெய்தலுக்கு வகுத்த உரிப்பொருள் இரங்கல். காதலில் பிரிந்தோரின் ஏக்கத்துக்கு அமைந்த அவ்விலக்கணம் இங்கே வேறு கனம் பெறுகிறது. குப்பத்துப் பெண்கள் ஒப்பாரியில் இறந்தவனைப் பெயர் சொல்லி அழைக்கிறார்கள், தெய்வத்தோடும் வழக்காடுகிறார்கள். நம்பிக்கையற்ற மற்றவர்களைப் போலத் துக்கிக்க வேண்டாம் என்னும் பவுலின் சொல்லை, துக்கிக்கவே வேண்டாம் என்று சுருக்கிக்கொண்ட நாம் ஒப்பாரியை ஐயத்தோடு பார்த்தோம். சங்கீதங்களில் பெரும்பகுதி வழக்காடும் புலம்பல் என்பதை வகுப்பில் கற்பிக்கிறோம், பீடத்தில் மறக்கிறோம். எண்பத்தெட்டாம் சங்கீதம் ஆறுதல் எதுவும் சொல்லாமல் இருளிலேயே முடிகிறது. ஆண்டுதோறும் டிசம்பர் 26 அன்று மீனவ மக்கள் கரையில் கூடிக் கடலில் பாலும் பூவும் விடுகிறார்கள். அவர்களிடையே நின்று, விளக்கம் எதுவும் சேர்க்காமல், அச்சங்கீதத்தை முழுவதும் வாசிக்கத் துணியும் ஆயர் ஒருவர் பாலவாக்கத்துக்கு வேண்டும்.