வியர்த்துச் செத்தவர்கள்

ஒரகடம் கூட்டு ரோட்டில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது பெஞ்சில் கிடந்த பேப்பரில் ‘மர்மக் காய்ச்சல்’ என்ற தலைப்பு கண்ணில் பட்டது. எந்த ஊர் என்பது முக்கியமில்லை. மழை விட்டதும் வருஷா வருஷம் எங்கேயாவது வரும். கொஞ்ச நாளில் அது டெங்கு என்றோ, எலிக்காய்ச்சல் என்றோ, உண்ணிக் காய்ச்சல் என்றோ தெரியவரும். அந்தச் செய்தி மட்டும் அவ்வளவு பெரிய எழுத்தில் வராது. 2006-ல் நம்மை முடக்கிப்போட்ட சிக்குன்குனியாவும் முதலில் மர்மமாகத்தான் இருந்தது. அது 1964-லேயே மெட்ராஸுக்கு வந்துபோன பழைய விருந்தாளி.

நிஜமாகவே மர்மமான காய்ச்சல் ஒன்றைச் சொல்கிறேன். 1485 ஆகஸ்டில் போஸ்வொர்த் சண்டையில் ஜெயித்து ஏழாம் ஹென்றி இங்கிலாந்துக்கு ராஜாவானார். செப்டம்பரில் லண்டன் ஜனங்கள் வியர்த்து வியர்த்துச் சாக ஆரம்பித்தார்கள். முதலில் இனம் தெரியாத பயம், குளிர், கழுத்திலும் தோளிலும் வலி. பிறகு நாற்றமடிக்கும் வியர்வை, தலைவலி, பிதற்றல், தாகம், அடக்க முடியாத தூக்கம். ஒரு நாள் தாக்குப்பிடித்தவர்கள் அநேகமாகப் பிழைத்தார்கள். லண்டனில் அடுத்தடுத்து இரண்டு மேயர்கள் காலி. 1508, 1517, 1528, 1551 என்று நாலு தடவை திரும்பி வந்தது. அப்புறம் போயே போய்விட்டது. 1551-ல் சஃபோக் பிரபுவான இளைஞன் செத்ததும் பட்டம் தம்பிக்குப் போனது. தம்பி அன்றைக்கே செத்தான்.

ஹிலரி மேன்டலின் ‘உல்ஃப் ஹால்’ (2009) படித்தவர்களுக்கு இந்த நோய் பரிச்சயம். தாமஸ் குரோம்வெல்லின் மனைவியைக் கொண்டுபோவது இதுதான். அருமையான நாவல், ஆனால் நாவலாசிரியைக்கு மர்மம் தேவைப்படுகிறது. எனக்கு அதைவிடப் பிடித்தது, 1552-ல் வந்த ஒரு சின்னப் புத்தகம். வியர்வை நோய்க்கு எதிரான ஆலோசனை என்பது போல நீளமான தலைப்பு. எழுதியவர் டாக்டர் ஜான் கேயஸ். (‘கீஸ்’ என்று உச்சரிக்க வேண்டும். கேம்பிரிட்ஜில் அவர் பெயரில் இன்றும் கல்லூரி இருக்கிறது.) முந்தின வருஷம் ஷ்ரூஸ்பரியில் நோயைக் கண்ணால் பார்த்தவர்.

மனிதர் கிரேக்கமும் லத்தீனும் கரைத்துக் குடித்தவர். இனி ஆங்கிலத்தில் எழுதுவதில்லை என்றுகூட நினைத்திருந்தவர். இந்த நோய்க்காக அந்த வைராக்கியத்தை விட்டார். நியாயம்தானே? டாக்டரைக் கூட்டிவருவதற்குள் ஆள் போய்விடுகிற வியாதிக்கு, டாக்டருக்கு மட்டும் புரிகிற பாஷையில் எழுதி என்ன பிரயோசனம்? பண்டிதர்களுக்குப் பிற்பாடு தனியாக லத்தீனில் எழுதிக்கொண்டார்.

அறிகுறிகளைச் சொல்லும் இடங்களில் கீஸ் அபாரம். எது முதலில் வரும், எது பின்னால், எத்தனை மணி நேரம் என்று மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு எழுதின மாதிரி இருக்கும். 1993-ல் அமெரிக்காவின் தென்மேற்கில் திடகாத்திரமான இளைஞர்கள் மூச்சுத் திணறிச் செத்தார்கள். எலி எச்சத்திலிருந்து பரவும் ஹன்டா வைரஸ் என்று கண்டுபிடித்தார்கள். வியர்வை நோயும் அந்த ஜாதியோ என்று சிலர் சந்தேகப்படுவதற்கு ஆதாரம் இந்த மாதிரிப் பழைய வர்ணனைகள்தான். நிரூபணம் இன்னும் கிடைக்கவில்லை.

காரணம் சொல்லும்போதுதான் சறுக்குகிறார். கெட்ட காற்று, கண்டதைத் தின்னுவது, சரி. அந்தக் காலத்து அறிவு அவ்வளவுதான். ஆனால் யார் அதிகம் செத்தார்கள்? சொகுசாக வாழ்ந்த பணக்காரர்களும், ஏழைகளில் சோம்பேறிகளும் குடிகாரர்களுமாம்! அதுவரை நோயாளியைப் பார்த்துக்கொண்டிருந்த டாக்டர் திடீரென்று பிரசங்க மேடை ஏறிவிடுகிறார். இதை மன்னிக்க எனக்கு மனசு வரவில்லை.

பேப்பரை மடித்து வைத்தேன். பக்கத்தில் இருந்தவர், “இந்த வடக்கத்திப் பசங்களாலதான் ஸார் எல்லாம். ஒரே ரூம்ல பத்துப் பேரு. சுத்தமே கிடையாது” என்றார். பத்துப் பேரிடமும் வாடகை வாங்குவது யார் என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

2021 டிசம்பரில் இங்கிருந்து கொஞ்ச தூரத்தில், சுங்குவார்சத்திரம் ஃபாக்ஸ்கான் ஆலையின் பெண் தொழிலாளர்களுக்கு விடுதிச் சாப்பாடு விஷமானது ஞாபகமிருக்கிறதா? 159 பேர் ஆஸ்பத்திரியில். யாரும் சாகவில்லை. ஆனால் செத்துவிட்டார்கள் என்று வாட்ஸ்அப்பில் பரவியது. தோழிகள் எங்கே, எப்படி இருக்கிறார்கள் என்று கேட்டுப் பெண்கள் சென்னை-பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். அந்த வதந்தியைக் கிளப்ப வைரஸ் தேவைப்படவில்லை. அவர்களுக்குப் புரிகிற பாஷையில், நேரத்தில், நம்புகிற மாதிரி யாரும் சொல்லாததே போதும். கீஸ் செய்த நல்ல காரியம் அன்றைக்கு நடக்கவில்லை. உணவுப் பாதுகாப்பு அதிகாரிகள் போய்ப் பார்த்தபோது சமையலறையில் எலிகள், வடிகாலும் சரியில்லை. அந்தப் பெண்கள் சோம்பேறிகளும் இல்லை, குடிகாரிகளும் இல்லை. ஷிஃப்ட் முடிந்து வந்து, போட்டதைச் சாப்பிட்டவர்கள். 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் 18,720 பெண்கள் தங்க அரசே விடுதி கட்டித் திறந்தது. அந்த வழியாகப் போனால் பத்து மாடிக் கட்டடங்களைப் பார்க்கலாம்.

கீஸின் புத்தகம் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. அந்தக் காலத்து ஆங்கிலம், எழுத்துக்கூட்டல் அவர் இஷ்டம். பொறுமையாகப் படியுங்கள். காரணம் சொல்லும் பக்கங்களையும் தள்ளிவிடாதீர்கள். டீக்கடை பெஞ்சில் கேட்ட அதே குரல் அங்கேயும் கேட்கும்.