வாகனம் கடந்த வாசலும் வங்கி காட்டும் வரியும்

கிழக்கு மாகாணத்தில் அதிவேக வீதி ஒரு கிலோமீற்றர் கூட இல்லை. ஆனாலும் கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று வீடுகளின் வங்கிக் கூற்றுகளில் வீதிக் கட்டண வரி இரண்டு பக்கமிருந்து வந்து விழுகிறது. ஒன்று, கட்டுநாயக்கவுக்கு ஓடும் எயார்போர்ட் ஹயர். மட்டக்களப்பு, பொலன்னறுவை, தம்புள்ளை, குருநாகல் என்று போகும் வேன்கள், மத்திய அதிவேக வீதியின் குருநாகல்–மீரிகம பகுதி 2022 ஜனவரியில் திறந்ததிலிருந்து அதிலே ஏறி நேரத்தை மிச்சம் பிடிக்கின்றன. மற்றது, டுபாயிலும் அபுதாபியிலும் வாகனம் ஓட்டிப் பிழைக்கும் நம் பிள்ளைகளின் கணக்கு.

2025 மே மாதம் 21ஆம் திகதி முதல், தெரிந்தெடுத்த வாசல்களில் தொடங்கி, இலங்கையின் அதிவேக வீதிகளிலும் வங்கி அட்டையால் கட்டணம் செலுத்தலாம் என்றானது. அடுத்த கட்டம், நிற்காமலே கடந்துபோகும் மின்னணு முறை நாடெங்கும் வருவதுதான். அது வருவதற்கு முன் ஒரு கேள்விக்கு விடை காண வேண்டும்: காசு தவறாகக் கழிந்தால், கொடுத்தவர் அதைக் கண்டுபிடித்துத் திருப்பி வாங்க எந்த முறை வழி விடுகிறது? வரிசை குறைந்ததா, அரசுக்கு வருமானம் கூடியதா என்பதை வைத்து இந்த முறைகளை மெச்சும் அறிக்கைகளுக்குக் குறைவில்லை. கொடுப்பவரின் பக்கமிருந்து எடைபோட்டது குறைவு.

எடைபோட எனக்கு ஒரு அளவுகோல் இருக்கிறது. ஒரு கழிவை மறுக்க நான்கு விவரம் வேண்டும்: எந்த வாகனம், எந்த வாசல், எத்தனை மணிக்கு, எந்த வகுப்புக் கட்டணம். வங்கிக் கூற்று இவற்றில் ஒன்றையும் முழுதாகத் தருவதில்லை. அதில் இருப்பது வணிகரின் பெயர், திகதி, தொகை. உள்ளே, அட்டை வலையமைப்புகள் வீதி, பாலக் கட்டணங்களுக்கென்று வைத்திருக்கும் 4784 என்ற குறியீடும் இருக்கும். அது வாடிக்கையாளர் கண்ணில் படுவது அரிது. திகதியும் ஏமாற்றும். அட்டையைத் தட்டிய நாள் வேறு, வங்கி அதைக் கணக்கில் ஏற்றிய நாள் வேறு. வியாழன் இரவு ஹயர் போனவர் கூற்றில் சனிக்கிழமையைப் பார்த்துவிட்டு, ‘அன்று நான் வீட்டில்தானே இருந்தேன்’ என்று முறைப்பாடு எழுதினால், அந்த முறைப்பாடு முதல் மேசையிலேயே விழுந்துவிடும்.

இதிலிருந்து விளங்குவது, பிணக்கு இரண்டு வகை என்பது. ஒரே பயணத்துக்கு இரண்டு தடவை கழிந்தது, காசாகக் கொடுத்த பிறகும் அட்டையில் கழிந்தது, ரசீதில் ஒரு தொகை கூற்றில் வேறு தொகை, அட்டையே நம்முடையதல்லாத ஆள் பாவித்தது: இவை கொடுப்பனவுப் பிணக்குகள். இவற்றுக்கு வங்கிதான் வாசல். வாகனம் அந்தப் பக்கமே போகவில்லை, வேனுக்கு பஸ் கட்டணம் எடுத்தார்கள், சலுகை நேரத்தில் முழுக் கட்டணம் விழுந்தது: இவை பயணப் பிணக்குகள். இவற்றைத் தீர்க்க வங்கியிடம் எந்தச் சான்றும் இல்லை. வீதியை நடத்துகிறவரிடம்தான் படமும் பதிவும் இருக்கின்றன. மக்கள் அலைக்கழிவது பெரும்பாலும் இந்த இரண்டையும் போட்டுக் குழப்புவதால்தான். குழப்பத்துக்கு அவர்களைக் குறைசொல்ல முடியாது. முறையே அப்படி அமைந்திருக்கிறது.

முதலில் நம் நாட்டு ஏற்பாடு. வாசலில் நின்று, அட்டையைத் தட்டி, ரசீது வாங்கிப் போவது. தொழில்நுட்பமாகப் பார்த்தால் இது பழசு. வாகனம் நிற்கத்தான் வேண்டும். ஆனால் கொடுப்பவரின் கோணத்தில் இதற்கு ஒரு பெரிய பலம் உண்டு: ஒரு கடப்பு, ஒரு ரசீது, கூற்றில் ஒரு வரி. மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். பிழை வரும் இடமும் தெரிந்த இடம். இயந்திரம் பதில் சொல்லாமல் நிற்கும், பின்னால் ஹோர்ன் அடிப்பார்கள், ஊழியர் திரும்பத் தட்டச் சொல்வார், அல்லது அவசரத்தில் காசை நீட்டிவிட்டு வந்துவிடுவோம். முதல் தட்டல் வங்கியில் தடுத்து வைத்த தொகையாக நிற்கும். வணிகர் அதை உறுதி செய்யாவிட்டால் தானாகவே விடுபடும். ஆகவே கைபேசியில் இரண்டு குறுந்தகவல் வந்த உடனே பதற வேண்டியதில்லை. இரண்டும் கூற்றில் நிலையாகப் பதிந்துவிட்டால் மட்டும் அது பிணக்கு.

அப்போது கையில் இருக்க வேண்டியது ரசீது. வெப்பத்தாளில் அச்சாகும் ரசீதை நம் ஊர் வெயிலில் டாஷ்போர்டில் போட்டு வைத்தால் எழுத்து எப்போதோ மறைந்துவிடும். வாங்கின இடத்திலேயே படம் எடுத்து வைப்பது நல்லது. வங்கிக்கு எழுத்தில் முறையிட வேண்டும், முறைப்பாட்டு இலக்கம் கேட்டு வாங்க வேண்டும். சர்வதேச அட்டை வலையமைப்புகளில் பெரும்பாலான பிணக்குகளுக்கு 120 நாள் வரை இடமுண்டு. ஆனால் வங்கிகள் தம் நிபந்தனைகளில் அதைவிடக் குறுகிய காலத்தைக் கேட்கலாம். எனவே கூற்று வந்த கிழமையே எழுதிவிடுவது புத்தி. வங்கி இழுத்தடித்தால் மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களம் இருக்கிறது, இலக்கம் 1935. 2023ஆம் ஆண்டின் 1ஆம் இலக்க நிதியியல் நுகர்வோர் பாதுகாப்பு ஒழுங்குவிதிகள் வந்த பிறகு இந்த வழி முன்னரைவிட உறுதியானது. நிதியியல் ஒம்புட்ஸ்மனிடமும் போகலாம். எந்த இடத்துக்குப் போனாலும் முதலில் வங்கிக்கு எழுதினீர்களா என்றுதான் கேட்பார்கள்.

டுபாயின் சாலிக் முறை இதற்கு நேர் எதிர். 2007 ஜூலை 1 முதல் நடக்கிறது. கண்ணாடியில் ஒட்டிய வில்லையை வாசல் படித்துவிடும், வாகனம் வேகம் குறைக்க வேண்டியதில்லை. போக்குவரத்துக்கு இதைவிடச் சுகம் கிடையாது. ஆனால் சார்ஜாவில் குடியிருந்து டுபாயில் வேலை செய்யும் ஒருவரின் கூற்றை எடுத்துப் பாருங்கள். ஒரே தொகை, ஒரே பெயர், மாதத்தில் திரும்பத் திரும்ப. பார்த்தவுடன் இரட்டைக் கழிவு என்றுதான் தோன்றும். என் உறவினர் ஒருவருக்கும் அப்படித்தான் தோன்றியது. அவை கடப்புகள் அல்ல, முன்பணக் கணக்கில் மீதி குறையும்போதெல்லாம் தானாக நடந்த ரீலோட்கள். கடப்புகள் சாலிக் செயலியின் பயணப் பட்டியலில் வேறாக இருக்கின்றன. 2025 ஜனவரி 31 முதல் வேலைநாட்களில் காலை 6 முதல் 10 வரையும் மாலை 4 முதல் 8 வரையும் கட்டணம் 4 திர்ஹத்திலிருந்து 6 ஆனதால், ரீலோட்டும் அடிக்கடி நடக்கத் தொடங்கியிருந்தது. வங்கியிடம் இவர் முறையிட்டிருந்தால், ‘இந்த ரீலோட்டுக்கு நீங்களே அனுமதி கொடுத்திருக்கிறீர்கள்’ என்று கைவிரித்திருப்பார்கள். அது சரியான பதிலும் கூட.

பயணப் பட்டியலைத் திறந்தால்தான் கேட்க வேண்டிய கேள்விகள் தெரியும். அல் மம்சார் வடக்கு, தெற்கு வாசல்களை ஒரே திசையில் ஒரு மணித்தியாலத்துக்குள் கடந்தால் ஒரு தடவைதான் எடுக்க வேண்டும்; அல் சஃபா வாசல்களுக்கும் அதே விதி. நள்ளிரவு தாண்டி 1 மணி முதல் 6 மணி வரை இலவசம். நோன்பு காலத்தில் நேர அட்டவணையே மாறும். பிழை இருந்தால் சாலிக்கிடமே முறையிடலாம். சொந்தப் பெயரில் கணக்கு உள்ளவருக்கு இது போதுமான வழி. கம்பனி வேன் ஓட்டுகிறவருக்கு? பட்டியல் கம்பனியின் கணக்கில் இருக்கிறது. சம்பளத்திலிருந்து ‘சாலிக்’ என்று ஒரு தொகை கழிந்தால், எந்த வாசல், எந்த நேரம் என்று பார்க்க அவருக்குக் கதவே இல்லை. வாடகைக் கார் எடுத்தவருக்கும் இதே கதி. நிறுவனம் தன் கையாளுகைக் கட்டணத்தையும் சேர்த்துப் பின்னர் அட்டையில் எடுக்கும். எங்கள் கரையோரத்திலிருந்து போனவர்களில் பலர் இந்த நிலையில் இருப்பவர்கள் என்பதால், டுபாய் முறையின் சுகத்தை நான் இரண்டாம் இடத்தில்தான் வைப்பேன். தகராறு வந்தால் பட்டியலை எழுத்தில் கேளுங்கள். பட்டியல் காட்டாத கழிவை ஒப்புக்கொண்டு கையெழுத்து வைக்காதீர்கள்.

மூன்றாவது இந்தியாவின் ஃபாஸ்டேக். 2021 பெப்ரவரி நடுப்பகுதியிலிருந்து தேசிய நெடுஞ்சாலைகளில் கட்டாயம். வில்லை இல்லாதவர் இரட்டைக் கட்டணம் கட்ட வேண்டியிருந்தது. 2025 நவம்பர் 15 முதல் யுபிஐ வழியாகக் கட்டினால் ஒன்றேகால் மடங்கு, காசானால் இரட்டை என்று தளர்த்தினார்கள். இந்தக் கெடுபிடியை நான் ஏற்கவில்லை. அரசின் வசதிக்காகக் கொண்டுவந்த முறையில் சேராத ஏழை ஓட்டுநருக்குத் தண்டம் விதிப்பது நியாயமல்ல.

பிழைகளும் கனக்கத்தான். வாகனம் வீட்டு வாசலில் நிற்க, எங்கோ ஒரு சாவடியில் கட்டணம் கழிந்ததாகக் குறுந்தகவல் வரும். படிப்பான் வேலை செய்யாதபோது ஊழியர் வாகன இலக்கத்தைக் கையால் தட்டுவதும், அதில் ஒரு எண் மாறுவதும் இதற்கு ஒரு காரணம். பிழையல்லாததைப் பிழையென்று எண்ணுவோரும் உண்டு. 24 மணித்தியாலத்துக்குள் திரும்பினால் இருவழிக் கட்டணம் ஒருவழியின் ஒன்றரை மடங்குதான்; போகும்போது 100 ரூபா கழிந்தால் வரும்போது 50 கழியும். இரண்டு தொகையும் வேறாக இருப்பது கணக்கு சரி என்பதற்கே அடையாளம்.

இத்தனை குறை இருந்தும், அமைப்பை மட்டும் எடுத்தால் மூன்றில் இதுவே மேல் என்பது என் முடிவு. வில்லையை வழங்குவது வங்கி. பயணமும் பணமும் ஒரே ஏட்டில் இருக்கின்றன. ஒவ்வொரு கடப்புக்கும் சாவடியின் பெயரோடு தகவல் வர வேண்டும் என்பது ஏற்பாடு. பிணக்கு வந்தால் வில்லை வழங்கிய வங்கியே, சாவடியின் வங்கியிடம் பணத்தைத் திருப்பிக் கேட்க வேண்டும். ‘இது எங்கள் வாசல் அல்ல’ என்று அது தட்டிக்கழிக்க முடியாது. 1033 என்ற பொது இலக்கமும் உண்டு. எல்லாவற்றையும் விட, தவறாகக் கழித்த சாவடிக்கு ஒரு தடவைக்கு ஒரு இலட்சம் இந்திய ரூபா வரை தண்டம் விதிக்கிறார்கள். பிழையின் விலையை, பிழை செய்தவர் தலையில் வைப்பது இந்த மூன்று நாட்டு முறைகளில் நான் கண்டவரை இங்கே மட்டும்தான்.

சின்னத் தொகைக்கு இவ்வளவு பாடா என்று கேட்பவர்களுக்கு: மாதம் முழுக்க ஹயர் ஓடுகிறவருக்கு ஒவ்வொரு சின்னத் தொகையும் அன்றைய சாப்பாட்டுக் காசு. தொகை சின்னதென்று ஒருவரும் கேட்காமல் விடுவதால்தான் பிழை நீடிக்கிறது. மோசடிக்காரர்களும் அதை நம்பியே ‘கட்டண நிலுவை உண்டு, இந்த இணைப்பில் செலுத்துங்கள்’ என்று குறுந்தகவல் அனுப்புகிறார்கள். அமெரிக்காவில் 2024 ஏப்ரலில் எஃப்.பி.ஐ. இதற்கென்றே எச்சரிக்கை விட்டது. டுபாயிலிருக்கும் மகனின் வாகனத்துக்கு நிலுவை என்று கல்முனையிலிருக்கும் வாப்பாவின் கைபேசிக்குத் தகவல் வந்தால், அந்த இணைப்பைத் தொடாமல் மகனிடம் கேட்பதே சரி.

இலங்கையில் நிற்காமல் கடக்கும் முறை பரவலாகும்போது, டுபாயின் முன்பண ஏற்பாட்டை அப்படியே கொண்டுவருவது பிழை. இந்தியாவின் ஒரே ஏடும் தண்டமும் வேண்டும், அதன் இரட்டைக் கட்டணம் வேண்டாம். கடப்புக்கு ஒரு குறுந்தகவல், வாகன இலக்கம், வாசல், நேரம், வகுப்பு நான்கும் சேர்ந்து வர வேண்டும். அது தமிழிலும் வர வேண்டும். அரசியலமைப்பின் 18ஆம் உறுப்புரை தமிழையும் அரச கரும மொழியாக்கியிருக்கிறது, அதைச் சலுகையாகக் கேட்கத் தேவையில்லை. கம்பனி வாகனம் ஓட்டுகிறவருக்குத் தன் பயணப் பட்டியலைப் பார்க்கும் உரிமை எழுத்தில் இருக்க வேண்டும். தானாக ரீலோட் ஆகும் வசதி, கொடுப்பவர் கேட்டால் மட்டும் இயங்க வேண்டும். இவற்றை ஒப்பந்தம் கைச்சாத்தான பிறகு கேட்டால் ‘மென்பொருளில் இடமில்லை’ என்பார்கள். வீதி அபிவிருத்தி அதிகார சபை விலைமனு கோரும்போதே நிபந்தனையாக எழுத வேண்டும். நான்கு விவரத்தையும் தர முடியாத நிறுவனம் எவ்வளவு குறைந்த விலை சொன்னாலும் அதைத் தள்ளிவிட வேண்டும்.