தூசியும் மண்ணும்: பிலிப் புல்மனின் நாவல்களைக் குறித்து ஒரு திறனாய்வு

ஆங்கில எழுத்தாளர் பிலிப் புல்மன் இயற்றிய ‘ஹிஸ் டார்க் மெட்டீரியல்ஸ்’ என்னும் தொகுதியின் மூன்று நாவல்களும் 1995, 1997, 2000 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்தன. இவை திருச்சபைக்குப் பகையானவை என்று பலர் கண்டித்தனர். ஆயினும், அன்று கான்டர்பரி பேராயராயிருந்த ரோவன் வில்லியம்ஸ் 2004ஆம் ஆண்டில் இலண்டன் தேசிய நாடக அரங்கில் ஆசிரியரோடு அமர்ந்து உரையாடினார். கண்டிக்குமுன் செவிகொடுப்பதே முறை என்பதை அச்செயல் நமக்கு உணர்த்துகிறது.

கதையின் மையத்தில் நிற்பது ‘டஸ்ட்’ என்னும் கற்பனைப் பொருள். நாம் அதனைத் ‘தூசி’ என்று குறிப்போம். கண்ணுக்குப் புலனாகாத இத்துகள்கள் வளர்ந்தோரைச் சூழ்ந்து தங்கும், சிறுவரை நாடா. அக்கதையுலகில் ஒவ்வொரு மனிதனின் ஆன்மாவும் ‘டீமன்’ என்னும் விலங்குருவில் அவனுடனே உலவுகிறது. சிறுவரின் டீமன் ஓயாது உருமாறும். பருவமடைகையில் ஓர் உருவில் நிலைபெறும். தூசி அவர்கள்மேல் தங்கத் தொடங்குவதும் அப்பொழுதே. லைரா என்னும் சிறுமியின் கையிலுள்ள, உண்மையை அறிவிக்கும் கருவி இத்தூசியால் இயங்குகிறது. வேறோர் உலகில் வாழும் முலேஃபா என்னும் உயிரினங்கள் பெருமரங்களின் விதைக்கூடுகளைச் சக்கரங்களாகக் கொண்டு ஓடுகின்றன. அக்கூடுகளின் எண்ணெயோடு அவற்றின் அறிவும் தூசியும் பிணைந்துள்ளன. சுருங்கக் கூறின், பொருள் தன்னையே அறியத் தொடங்கும் நிலைக்குப் புல்மன் இட்ட பெயர் தூசி எனலாம்.

இப்பெயர் ஆதி. 3:19இலிருந்து பெறப்பட்டது. கதையிலுள்ள திருச்சபையோ இதனை ஜென்மபாவத்தின் தடயமாகக் கொள்கிறது. அவ்வுலகில் ஜான் கால்வின் போப்பாண்டவராகித் தம் பீடத்தை ஜெனீவாவுக்கு மாற்றினார் என்று ஆசிரியர் எழுதுகிறார். ஆகவே, இக்குற்றச்சாட்டு உரோமையையே சாரும் என்று கூறி நாம் ஒதுங்கிவிட இயலாது. பாவம் பற்றுமுன் சிறுவரை அவர்தம் டீமனினின்று வெட்டிப் பிரிக்க, அச்சபையின் ஆதரவோடு வடபனி நாட்டில் ஒரு நிலையம் இயங்குகிறது. அவ்வாறு வெட்டுண்ட டோனி மக்காரியோஸ் என்னும் சிறுவன், இழந்த துணைக்கு ஈடாக ஓர் உலர்ந்த மீனை மார்போடு அணைத்திருந்து மடிகிறான். நம் சபைகளில் திடப்படுத்தல் வகுப்புக்குப் பிள்ளைகள் வருவதும் ஏறத்தாழ அப்பருவத்திலேதான். அவர்கள் எழுப்பும் ஐயங்களை அவிசுவாசம் என்று அதட்டி அடக்கி, மனப்பாடம் செய்த விடைகளை மட்டும் கையில் கொடுத்தனுப்புகிறோமெனில், நாம் கொடுத்ததும் உலர்ந்த மீனே. இக்கண்டனத்தை நாம் தாழ்மையோடு ஏற்கவேண்டும்.

எனினும், அக்கற்பனைச் சபையின் பிழை வேதவாக்கியத்தைத் தவறாக வாசித்த பிழை. ‘ஆபார்’ என்னும் எபிரெயச் சொல்லை நம் தமிழ்த் திருமறை ‘மண்’ என்று தருகிறது. அச்சொல் சாபத்தில் முதன்முதல் தோன்றவில்லை, ஆதி. 2:7இல், வீழ்ச்சிக்கு முன்னரே, படைப்பின் செய்தியிலேயே உள்ளது. மண்ணாயிருப்பது நம் குற்றமன்று, நம் இயல்பு. வளர்ச்சியும் அவ்வாறே. ஆதாமும் ஏவாளும் குழந்தைகளாகப் படைக்கப்பட்டு முதிர்ச்சியை நோக்கி வளரவேண்டியவராயிருந்தனர் என்று 2ஆம் நூற்றாண்டிலேயே ஐரேனியு போதித்தார். ஞானம் பெறக் கீழ்ப்படியாமையே வாயில் என்று புல்மன் கொள்வதை, ஆகையால், நாம் ஏற்பதற்கில்லை. சபை வளர்ச்சியைப் பாவமென்றது. ஆசிரியர் பாவத்தை வளர்ச்சியென்றார். இரண்டும் ஒரே மயக்கத்தின் இரு பக்கங்கள்.

தூசியின் எல்லையைக் கதையே காட்டிவிடுகிறது. தன் நண்பன் ரோஜரின் சாவுக்கு அறியாமலே காரணமாகிவிட்ட லைரா, அவனிடம் மன்னிப்புக் கேட்க மரித்தோர் உலகிற்கே இறங்குகிறாள். வினாக்களுக்கெல்லாம் விடைதரும் தூசி இவ்விடத்தில் அவளுக்குப் போதவில்லை. தவறிழைக்கப்பட்டவனின் முகத்தையே அவள் காணவேண்டியிருக்கிறது. பின்பு மரித்தோருக்கு வழி திறக்கப்பட, ரோஜர் முதலாவதாக வெளியேறித் துகள்களாகிக் காற்றிலும் விண்மீன்களிலும் கலக்கிறான். அழகிய காட்சிதான், ஆனால் மன்னித்த அம்முகம் அத்துடன் மறைந்துபோயிற்று. டோனி இறந்தபோது, லைரா அவனுடைய டீமனின் பெயரை ஒரு பொற்காசில் கீறி அவன் வாயில் வைத்தாள். பெயர் அழியலாகாது என்று அச்சிறுமியின் உள்ளம் அறிந்திருந்தது. அந்த வேட்கைக்கு ஆசிரியரின் தூசியில் விடையில்லை.

நாம் மண்ணென்பதைத் தேவன் நினைவுகூருகிறார் என்று சங். 103:14 உரைக்கிறது. அங்கே மண் தன்னைத்தானே அறியும் பொருளாக நில்லாமல், ஒருவரால் அறியப்பட்டதாக, இரங்கப்பட்டதாக இருக்கிறது. 1 கொரி. 15இல் பவுல் கூறும் உயிர்த்தெழுதலும் இந்நினைவின் மேலேயே நிற்கிறது. அடக்க ஆராதனையில் நாம் பிடிமண்ணிட்டு, மரித்தவரைப் பெயர்சொல்லித் தேவனிடம் ஒப்புவிக்கிறோம். இளம் ஆயர்கள் அப்பெயரை அவசரமின்றித் தெளிவாக உச்சரிக்கப் பழகுவார்களாக. புல்மனை வாசித்த ஓர் இளைஞன் அக்குழியின் ஓரத்தில் நின்றுகொண்டிருக்கக்கூடும்.