ஏட்டில் ஏறாத கடற்கல்வி

சிங்கப்பூர் தெலுக் ஆயர் வீதியிலுள்ள நாகூர் தர்காக் கட்டடம் 1828க்கும் 1830க்கும் இடையில் எழுந்தது. அந்நாளில் அவ்வீதியே கடற்கரை. சோழமண்டலக் கரையிலிருந்து தமிழரைப் பாய்க்கப்பலில் இங்குக் கொணர்ந்த மாலுமிகள் எந்தப் பள்ளியில் பயின்றனர்?

விடை தேடுவோர், 1950இல் சென்னையில் அச்சேறிய 'கப்பல் சாத்திரம்' என்னும் பழஞ்செய்யுள் நூலைப் புரட்டுதல் இயல்பே. கலத்தின் அளவுகளைக் கூறுவது அந்நூலின் பெருமை. ஆயினும் மரத்தின் கணுவுக்கு ஒரு பலன், நாளுக்கும் கோளுக்கும் ஒரு பலன் என்று சோதிடம் பெற்ற இடத்தை மாலுமியின் பயிற்சி பெற்றிலது.

அப்பயிற்சியோ மெய்க்கணக்கு. சிறு பலகை. அதன் நடுவே முடிச்சிட்ட கயிறு. முடிச்சு ஒவ்வொன்றும் ஒரு துறைக்கு உரியது. முடிச்சைப் பல்லிற் கடித்துக் கயிற்றை நீட்டிப் பிடிக்க, பலகையின் கீழ்விளிம்பு அடிவானத்தையும் மேல்விளிம்பு துருவ நட்சத்திரத்தையும் தொடுமாயின், கப்பல் அத்துறைக்கு நேரே வந்துவிட்டது என்க. கண்டும் செய்துமே கற்கத்தக்க கலை இது.

இதனை எழுதிவைத்தவர் யார்? 1850இல் காங்கிரீவ் என்னும் ஆங்கிலேயர்! சகுனத்திற்கு ஏடு தந்த நம் புலமை, உழைப்பவன் அறிவுக்கு ஓர் ஓலையும் தந்திலது. கைத்தொழிலை இழிவென எண்ணியதன் கூலி இதுவே.

தோழர்காள்! பால்மரம் சீவிய கையிலும், துறைமுகத்தில் சுமை ஏற்றிய கையிலும் இத்தகைய கல்வி உண்டு. முதியோர் மறையுமுன் அவர்களைக் கேட்டு எழுதுங்கள். அதுவும் இலக்கியமே.