எதிராளி இல்லாத ஆட்டம்

தனிமைதான் கற்பனையின் விளைநிலம் என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். ஸ்டெஃபான் ஸ்வைக்கின் கடைசிக் கதையான 'சதுரங்கக் கதை' (1942) இதை நம்பவில்லை. நாஜிகள் டாக்டர் பி.யை வியன்னாவில் ஒரு ஹோட்டல் அறையில் தனியே அடைத்துவைக்கிறார்கள். அடி உதை கிடையாது. புத்தகம், காகிதம், கடிகாரமும் கிடையாது. மனப்பாடமாயிருந்த ஹோமரும் சட்டப் பிரிவுகளும் சொல்லச் சொல்லச் சிதறிப்போகின்றன. திருடிய புத்தகத்திலிருந்த 150 ஆட்டங்கள்தான் சில மாதம் அவரைக் காப்பாற்றுகின்றன. அவை பிறர் ஆடியவை. ஒவ்வொன்றிலும் இரண்டு மனிதர்கள் இருக்கிறார்கள். அவை சலித்ததும் தானே வெள்ளையாகவும் கறுப்பாகவும் ஆடத் தொடங்குகிறார். புத்தி பேதலிக்கிறது. நினைவில் பிறர் இருந்தார்கள். கற்பனையில் அவர் மட்டுமே.

நதான் ஷரான்ஸ்கி இதைப் பொய்யாக்கிவிட்டார் என்று வாதிடலாம். 1977இல் கைதாகி 1986இல் விடுதலையான அவர், சோவியத் தண்டனை அறையில் மனத்துக்குள் சதுரங்கம் ஆடியே நிதானம் காத்தார். ஆனால் அவர் சிறுவயதிலிருந்தே எதிரே ஆள் இருக்க ஆடிப் பழகியவர். டாக்டர் பி. பள்ளி நாட்களோடு ஆட்டத்தை விட்டவர். ஆளற்ற அறையில் கற்பனை, ஏற்கெனவே உள்ளே வந்து உட்கார்ந்திருப்பவனோடுதான் பேச முடிகிறது.

எழுதுவதற்காகக் கதவைச் சாத்திக்கொள்ளும் நாம், யாரை உள்ளே கூட்டிக்கொண்டு போகிறோம்?